முன்னுரிமைக் கோழி

உசிலம்பட்டியிலிருந்து தெற்கே இறங்கினால் எழுமலை. பேரையூர் வட்டத்துப் பேரூராட்சி. மேற்கே மலை, சுற்றிலும் மானாவாரிக் காடு. அங்கே ஒரு கம்ப்யூட்டர் சென்டரின் வெளித் திண்ணையில் இரண்டு பேர் காத்திருக்கிறார்கள். சர்வர் போய்விட்டது. எப்போது வரும் என்று உள்ளே இருக்கும் பையனுக்கும் தெரியாது.

பரமசிவம் ஏதோ ஓர் அரசு அலுவலகத்தில் கோப்பு புரட்டி ஓய்வு பெற்றவர். வீட்டில் மோர் கேட்டால்கூட சுற்றறிக்கை மாதிரிதான் கேட்பார். ஒச்சம்மாளுக்கு 68 வயது, காட்டு வேலை. ஊர் முறைக்கு அவருக்கு மதினி. ஆகவே கேலி பேசுவதற்கு விண்ணப்பம் தேவையில்லை. இருவரும் கற்பனை. அவர்கள் பேசுகிற விதிகள் கற்பனை இல்லை.

பரமசிவம்: வாங்க மதினி. என்ன மனு?

ஒச்சம்மாள்: மனுவெல்லாம் இல்ல கொழுந்தனாரே. அரிசி.

பரமசிவம்: அரிசி என்பது பொருள். நான் கேட்டது மனு. புதிய அட்டையா, பெயர் நீக்கமா, முகவரி மாற்றமா, குடும்பத் தலைவர் மாற்றமா?

ஒச்சம்மாள்: உள்ள இருக்க பய அம்புட்டும்தாங்குறான். உங்கண்ணன் செத்ததும் கார்டு மகன் பேருக்குப் போச்சு. மகன் பொழப்புக்குத் திருப்பூர் போனான், கார்டும் கூடவே பஸ் ஏறிருச்சு. அங்கன வெரல வச்சா அங்கனயே அரிசி போட்டுர்றாகளாம்ல.

பரமசிவம்: 2020 அக்டோபரிலிருந்து நடைமுறை. ஒரே நாடு ஒரே ரேஷன். தமிழ்நாட்டு அட்டைதாரர் தமிழ்நாட்டில் எந்தக் கடையிலும் விரல் ரேகை வைத்து வாங்கலாம். இடம்பெயர்ந்த தொழிலாளருக்கு மகத்தான வசதி.

ஒச்சம்மாள்: வசதிதான். ஆனா அரிசி இடம் பெயந்துருச்சு, நான் பெயரலயே. கார்டுல நாலு பேரு, மாசம் இருவது கிலோ. மருமக அங்கனயே இருவதையும் வாங்கிருது. அதுமேல தப்புச் சொல்ல மாட்டேன், அதுக்கும் ஒரு பிள்ள இருக்கு. நான் இங்க போயி வெரல வச்சா, ‘இந்த மாசம் வாங்கியாச்சு பாட்டி’ன்னு சொல்லிர்றான். சாப்பாடு திருப்பூர்ல, ஏப்பம் எழுமலையிலயா?

பரமசிவம்: தீர்வு மிகச் சுலபம். மகன் அட்டையிலிருந்து தங்கள் பெயரை நீக்க வேண்டியது. பிறகு தனி அட்டை கோரி இணையத்தில் விண்ணப்பிக்க வேண்டியது. ஆதார், முகவரிச் சான்று, குடும்பத் தலைவர் புகைப்படம். முடிந்தது.

ஒச்சம்மாள்: அந்தச் சுலபத்துலதான் ஒக்காந்துருக்கேன். பேர எடுக்கப் போனுக்கு ஏதோ நம்பர் வருமாம்.

பரமசிவம்: ஓ.டி.பி.

ஒச்சம்மாள்: அது மகன் போனுக்குப் போகுது. அவனுக்கு நைட் சிப்ட்டு. இந்தப் பய நம்பர் கேக்குறப்ப அவன் தூங்குறான். அவன் எந்திரிச்சு ‘என்னாத்தா’ங்குறப்ப இவன் ஷட்டர இறக்கிட்டுப் போயிர்றான்.

பரமசிவம்: சரி. முகவரிக்கு மின் கட்டண ரசீது இருக்குமே?

ஒச்சம்மாள்: இருக்கு, உங்கண்ணன் பேருல. மனுசன் போயி ஒம்பது வருசமாச்சு. இன்னமும் ரெண்டு மாசத்துக்கு ஒருக்கா கரண்டுக் கணக்கு அவருக்குத்தான் வருது. செத்தவருக்கு முகவரி இருக்கு. உசுரோட இருக்கவளுக்கு ஒரு சீட்டுக் கெடையாது.

பரமசிவம்: அதையெல்லாம் சரி செய்துவிட்டால் கள விசாரணை. வருவாய் ஆய்வாளர் நேரில் வருவார். தனி வீடா, தனிச் சமையலா என்று பார்ப்பார். குறிப்பாக அடுப்பைப் பார்ப்பார்.

ஒச்சம்மாள்: அடுப்பு இருக்கு. அது மேல வைக்கத்தான் ஒண்ணுமில்ல.

பரமசிவம்: அடுப்பு புழக்கத்தில் இருக்க வேண்டும் மதினி. சாம்பல் இருக்க வேண்டும், பாத்திரத்தில் கரி இருக்க வேண்டும். வெறும் அடுப்பைக் காட்டினால் அட்டைக்காகக் கூட்டிவைத்த அடுப்பு என்று எழுதிவிடுவார்கள்.

ஒச்சம்மாள்: அரிசி இருந்தாத்தான் அடுப்பெரியும். அடுப்பெரிஞ்சாத்தான் அரிசியா? எங்க தெருவுல போன வருசம் மூணு சோடி தனிக்குடித்தனம் போச்சு. மூணு வீட்டுக்கும் ஒரே கேஸ் அடுப்புத்தான். ஆபீசர் முத வீட்டுல பாத்துட்டு வாசல்ல மோர் குடிக்கிறப்ப, அடுப்பு கொல்லப்பக்கமா ரெண்டாவது வீட்டுக்குப் போயிருச்சு. மூணாவது வீட்டுல அவரு குனிஞ்சு பாத்து, ‘இந்த அடுப்புல இடது பக்கத் திருகு இல்லையே, இப்பத்தான எங்கயோ பாத்தேன்’ன்னாரு. அந்தப் பிள்ள கெட்டிக்காரி. ‘கம்பெனியே அப்படித்தான் சார் விக்கிறான்’னுச்சு. மூணு பேருக்கும் கார்டு வந்துருச்சு.

பரமசிவம்: இது அப்பட்டமான முறைகேடு.

ஒச்சம்மாள்: மூணும் நெசமான குடித்தனம் கொழுந்தனாரே. அடுப்பு மட்டுந்தான் ஒண்ணு. ஒரு அடுப்ப வாங்க வக்கத்தவுகதான கார்டு கேக்குறாக.

பரமசிவம்: (பேச்சை மாற்றி) அந்தப் பழைய அட்டையின் நகல் வைத்திருக்கிறீர்களா? குடுங்க. பார்த்தீர்களா, இங்கே என்.பி.எச்.எச். என்று போட்டிருக்கிறது. முன்னுரிமையற்ற குடும்பம். அதாவது அரசின் பார்வையில் தாங்கள் ஏழை இல்லை.

ஒச்சம்மாள்: அப்படியா? எனக்கு யாருமே சொல்லலயே. தெரிஞ்சிருந்தா காட்டு வேலைக்குப் போகாம இருந்துருப்பேன்.

பரமசிவம்: வெள்ளை அட்டையோ பச்சை அட்டையோ அல்ல இது, ஸ்மார்ட் கார்டு. 2017 ஏப்ரலிலிருந்து கொடுத்தார்கள். எல்லாம் பார்க்க ஒன்றுபோல இருக்கும், எழுத்தில்தான் விஷயம். ஏ.ஏ.ஒய். என்றால் ஏழையிலும் ஏழை, 35 கிலோ. பி.எச்.எச். என்றால் முன்னுரிமை. எஸ் என்று முடிந்தால் அரிசி கிடையாது, சர்க்கரை மாதிரி மற்றவைதான். என்.சி. என்றால் எதுவுமே வாங்காத கௌரவஸ்தர்.

ஒச்சம்மாள்: விதவைப் பென்சன் 1,200 ரூவா வாங்குறேன். அந்த ஆபீசு வந்து விசாரிச்சு, ‘ஆதரவில்லாதவ’ன்னு எழுதிருக்கு. அரிசி ஆபீசு ‘முன்னுரிமை இல்லாதவ’ன்னு எழுதிருக்கு. ரெண்டு ஆபீசும் ஒரே காம்பவுண்டுதான?

பரமசிவம்: ஒரே காம்பவுண்டு, வேறு வேறு மேசை. இதற்கொரு கணக்கு இருக்கிறது மதினி. 2013ஆம் ஆண்டு தேசிய உணவுப் பாதுகாப்புச் சட்டப்படி, தமிழ்நாட்டின் கிராமப்புறத்தில் 62.55 சதவீதம் பேருக்கும் நகர்ப்புறத்தில் 37.79 சதவீதம் பேருக்கும் மட்டுமே மத்திய அரசு மானிய அரிசி கொடுக்கும். மக்கள்தொகை 2011 கணக்கு.

ஒச்சம்மாள்: நூத்துல எத்தன பேருக்குப் பசிக்கும்னு டெல்லியில புள்ளி வச்சு எழுதிட்டாகளா? சரி, நம்மூரு இதுல எது?

பரமசிவம்: எழுமலை பேரூராட்சி. கணக்குப்படி நகர்ப்புறம்.

ஒச்சம்மாள்: இந்த ஊரு டவுனா! அதான் நூறு நாள் வேலையும் இல்லன்னுட்டாக. பக்கத்துப் பஞ்சாயத்துல என் தங்கச்சி மம்பட்டியத் தூக்கிட்டுப் போகுது. நான் டவுன்காரி, வேடிக்க பாக்குறேன். ஆடு மேய்க்கிறப்ப மட்டும் கிராமம், அரிசி கேக்குறப்ப நகரம்.

பரமசிவம்: சட்டத்தைக் கேலி செய்யக் கூடாது. யார் ஏழை இல்லை என்பதற்கு 2017 ஜூலையில் தமிழக அரசு அரசிதழிலேயே விதி போட்டது. வருமான வரி கட்டுகிறவர் வீடு கிடையாது. சொந்த உபயோகத்துக்குக் கார் வைத்திருந்தால் கிடையாது. ஏ.சி. இருந்தால் கிடையாது. மூன்று அறையோ அதற்கு மேலோ உள்ள கான்கிரீட் வீடு கிடையாது. ஆண்டு வருமானம் ஒரு லட்சத்துக்கு மேல் கிடையாது. எவ்வளவு தெளிவு!

ஒச்சம்மாள்: தெளிவுதான். ஒங்க வீட்டு வாசல்ல நிக்கிற காரு?

பரமசிவம்: அது மகன் பெயரில் இருக்கிறது.

ஒச்சம்மாள்: ஏ.சி.?

பரமசிவம்: மருமகள் அன்பளிப்பு. அன்பளிப்பு சொத்தாகாது.

ஒச்சம்மாள்: கீழ மூணு ரூமு, மாடியில ஒண்ணு.

பரமசிவம்: ஒன்று பூஜை அறை. மாடியில் இருப்பதில் வெங்காயம் காய்கிறது. அறை என்றால் ஆள் படுக்க வேண்டும்.

ஒச்சம்மாள்: பென்சனு வருசத்துக்கு ஒரு லச்சத்துக்கு மேல வருமே?

பரமசிவம்: அது வருமானம் அல்ல; நான் செய்த சேவைக்குச் செய்யும் மரியாதை.

ஒச்சம்மாள்: அப்ப ஒங்க கார்டுல என்ன எழுத்து போட்டுருக்கு?

(பரமசிவம் மூக்குக் கண்ணாடியைத் துடைக்கிறார். தேவைக்கு மேல் துடைக்கிறார்.)

பரமசிவம்: பி.எச்.எச்.

ஒச்சம்மாள்: அதாவது?

பரமசிவம்: முன்னுரிமை. நான் கேட்கவில்லை மதினி. அவர்களாகப் பிரித்தார்கள், அவர்களாகப் போட்டார்கள். அரசு போட்டதை அழிக்க நமக்கு அதிகாரம் இல்லை. கார்டில் ஆறு பேர், தலைக்கு அஞ்சு கிலோ, முப்பது கிலோ.

ஒச்சம்மாள்: ஆறு பேரா? நீங்க, என் ஓரகத்தி. மீதி?

பரமசிவம்: மகன், மருமகள், பேரன். கல்யாணமாகி மதுரைக்குப் போன மகள்.

ஒச்சம்மாள்: மகன் குடும்பம் அமெரிக்காவுலல்ல இருக்கு? அவுகளுக்கு எழுமலையில பதினஞ்சு கிலோவா? அது சரி, ஒங்க வீட்டுல பொன்னி அரிசியில்ல பொங்குறது. அந்த முப்பது கிலோ?

பரமசிவம்: இட்லிக்குக் கொஞ்சம். மீதி… கோழிக்கு.

ஒச்சம்மாள்: ஆத்தாடி! முன்னுரிமைக் கோழி! நான் முன்னுரிமை இல்லாத மனுசி. அடுத்த விசாரணைக்கு ஆபீசர் வந்தா, அந்தச் சேவல என் வீட்டுக் குடும்பத் தலைவரா நிறுத்தி வைக்கட்டுமா?

(உள்ளேயிருந்து பையன் சிரிக்கிற சத்தம். சர்வர் இன்னும் வரவில்லை.)

பரமசிவம்: இதனால்தான் சொல்கிறேன், எல்லாருக்கும் கொடுப்பதே தவறு. தகுதி உள்ளவருக்கு மட்டும் கொடுக்க வேண்டும். 1997ல் மத்திய அரசு வறுமைக்கோடு போட்டது, கோட்டுக்குக் கீழே உள்ளவருக்கே மலிவு அரிசி என்றது. இந்த மாநிலம் கேட்டதா? எல்லாருக்கும்தான் என்றது. 2008ல் கருணாநிதி கிலோ ஒரு ரூபாய் என்றார். 2011 ஜூனில் ஜெயலலிதா அந்த ஒரு ரூபாயும் வேண்டாம் என்றார். 2016 நவம்பரில் உணவுப் பாதுகாப்புச் சட்டத்துக்குள் வந்த பிறகும், முன்னுரிமை இல்லாதவர்களுக்கான செலவை மாநிலமே சுமக்கிறது. 2017ல் அந்த அரசிதழ் வந்தபோது ஒரு நம்பிக்கை பிறந்தது. கூச்சல் போட்டார்கள். உடனே உணவு அமைச்சர் காமராஜ், இப்போது வாங்குகிற எல்லாருக்கும் தொடரும் என்று சொல்லிவிட்டார். கஜானா என்னாவது?

ஒச்சம்மாள்: அந்தக் கூச்சல நானும்தான் போட்டேன். கொழுந்தனாரே, கணக்குப் படிச்சவரு நீங்க, யோசிங்க. தகுதி பாத்துக் குடுன்னு நாளைக்கே சொன்னா எந்த லிஸ்டப் பாப்பாக? இந்த எழுத்தத்தான பாப்பாக. அப்ப கோழி உள்ள, நான் வெளிய. எல்லாருக்கும்னு இருக்குற வரைக்குந்தான் இந்த எழுத்துத் தப்பு என் வயித்துக்கு வராம நிக்குது.

பரமசிவம்: லிஸ்டைத் திருத்தலாமே?

ஒச்சம்மாள்: யாரு திருத்துவா? செத்தவர் பேர்ல கரண்டு பில்ல ஒம்பது வருசமாத் திருத்தல.

பரமசிவம்: வெளிநாட்டைப் பாருங்கள். மகன் சொல்கிறான், அமெரிக்காவிலும் உணவு உதவி உண்டு. ஸ்நாப் என்று பெயர். ஆனால் கண்டிப்பு! குடும்ப வருமானம் பொதுவாக வறுமைக்கோட்டில் 130 சதவீதத்துக்குள் இருக்க வேண்டும். அவ்வப்போது காகிதம் கொடுத்துப் புதுப்பிக்க வேண்டும். உடல் திடமாக இருந்து, பார்க்கச் சின்னப் பிள்ளை இல்லை என்றால், மாதம் 80 மணி நேரம் வேலையோ பயிற்சியோ காட்ட வேண்டும். இல்லையென்றால் மூன்று வருஷத்தில் மூன்று மாதம்தான். 2025ல் போட்ட சட்டம் அந்த நிபந்தனையை 64 வயது வரை நீட்டிவிட்டது.

ஒச்சம்மாள்: வேல கெடைக்காதவனுக்குத்தான பசி சாஸ்தி? அவன்கிட்டயே வேலைக்கான சீட்டக் கேட்டா?

பரமசிவம்: தேடினால் கிடைக்கும் என்பது கொள்கை.

ஒச்சம்மாள்: அங்க பேரூராட்சி உண்டா?

பரமசிவம்: இல்லை.

ஒச்சம்மாள்: அதான் கொள்க தைரியமா நிக்குது. பள்ளிக்கொடத்துல காலச் சாப்பாடு போடுறாகளே, நம்ம மதுரையிலதான மொதல்ல ஆரம்பிச்சாக?

பரமசிவம்: 2022 செப்டம்பர் 15. முதலமைச்சர் ஸ்டாலின்.

ஒச்சம்மாள்: என் பேரன் திருப்பூர்ல கவர்மெண்டுப் பள்ளிக்கொடத்துலதான் திங்கிறான். ஒரு நா ரவா உப்புமா, ஒரு நா பொங்கல். தட்ட நீட்டுன பிள்ளைகிட்ட ‘ஒங்கப்பன் வருமானச் சான்று எங்க’ன்னு யாரும் கேக்குறதில்ல. காமராசரு, எம்.சி.ஆரு போட்ட மத்தியானச் சாப்பாட்டுக்கும் கேட்டதில்ல. வரிசையில நின்னா பிள்ள, அம்புட்டுத்தான். எனக்கு மட்டும் எதுக்கு இம்புட்டுக் கேள்வி?

பரமசிவம்: தாங்கள் குழந்தை இல்லையே.

ஒச்சம்மாள்: பல்லு விழுந்துருச்சு, கணக்குல சேத்துக்கங்க.

பரமசிவம்: முதியவர்களுக்கும் அரசு செய்யாமல் இல்லை. 2025 ஆகஸ்ட் 12 முதல் தாயுமானவர் திட்டம். வயது முதிர்ந்தவர்களுக்கும் மாற்றுத்திறனாளிகளுக்கும் வண்டியில் வைத்து வீட்டு வாசலுக்கே ரேஷன் வருகிறது.

ஒச்சம்மாள்: எனக்குத்தான் கார்டே இல்லயே. வாசலுக்கே வண்டியில வந்து ‘உனக்கு இல்ல பாட்டி’ன்னு சொல்லிட்டுப் போவாக. நடை மிச்சம்.

பரமசிவம்: ஒற்றை ஆள் அட்டைக்குப் பன்னிரண்டு கிலோ அரிசி. பருப்பு முப்பது ரூபாய், பாமாயில் இருபத்தஞ்சு ரூபாய். முயற்சி திருவினையாக்கும்.

ஒச்சம்மாள்: பன்னெண்டு கிலோ போதும் கொழுந்தனாரே. ஒரு பொம்பளைக்கு அது மாசத்த ஓட்டிரும். கார்டே வந்தாலும் வெரலு இருக்கே, அதுவும் ஒரு வில்லங்கம். (கையை விரித்துக் காட்டுகிறாள். கட்டைவிரல் முனை வெங்காயத் தாள் அறுத்து, பருத்தி எடுத்து, வழவழவென்று தேய்ந்திருக்கிறது.) வேலை பாத்த கையின்னா மிசினுக்கு ஆகாது. நாலு வெரலு மாத்தி மாத்தி வச்சு, தலையில எண்ணெயத் தடவி, சேலையில தொடச்சு வச்சா ஒருக்கா எடுக்கும். ஒங்க வெரலு எப்படி?

பரமசிவம்: முதல் தடவையிலேயே பச்சை விளக்கு.

ஒச்சம்மாள்: அப்பறம் நீங்க எதுக்கு இங்கன காத்துக் கெடக்கீக?

பரமசிவம்: (குரலைத் தாழ்த்தி) ஒரு சிறு சிக்கல். முன்னுரிமை அட்டையில் உள்ள ஒவ்வொருவரும் ரேஷன் கடை எந்திரத்தில் விரல் ரேகை வைத்து இ-கே.ஒய்.சி. செய்ய வேண்டும் என்று வந்திருக்கிறது. நானும் மனைவியும் வைத்துவிட்டோம்.

ஒச்சம்மாள்: அமெரிக்கா வெரலு?

பரமசிவம்: அதற்குத்தான் இணையத்தில் ஏதேனும் வழிவகை உண்டா என்று விசாரிக்க வந்தேன்.

ஒச்சம்மாள்: கொரியர்ல வெரல அனுப்பச் சொல்ல முடியாதுல்ல. வெரலு வராட்டி?

பரமசிவம்: சந்தேகம் வந்தால் வீட்டுக்கே வந்து பார்ப்பார்கள். வந்தால் வாசலில் கார், உள்ளே ஏ.சி., மாடியில் வெங்காயம்… முப்பது வருஷம் நான் மற்றவர்களை விசாரித்தவன் மதினி. என்னை ஒருவர் வந்து விசாரிப்பதா?

ஒச்சம்மாள்: அழுகாதீக. நம்ம ரெண்டு பேருக்கும் ஒரே ஆபீசர்தான வருவாரு? ஒரே நாள்ல வரச் சொல்லுவோம். அன்னைக்கு ஒரு நாளைக்கு நீங்களும் ஓரகத்தியும் என் குடிசையில போயி ஒக்காந்துக்கங்க. ஒத்த ரூமு, ஓட்டுக் கூர, அடுப்புல சாம்பல். எந்த ஆபீசர் பாத்தாலும் கண்ண மூடிக்கிட்டு முன்னுரிமைன்னு எழுதிருவாரு.

பரமசிவம்: தாங்கள்?

ஒச்சம்மாள்: நான் ஒங்க வீட்டுல ஒக்காந்துக்கிறேன். எனக்கென்ன போச்சு, நாந்தான் ஏற்கெனவே முன்னுரிமை இல்லாதவளாச்சே. தனி வீடு, தனிச் சமையலு, ரெண்டு திருகும் இருக்க அடுப்பு. பாத்தவுடனே தனிக் கார்டு எழுதிருவாரு. விதிக்கு விதியும் ஆச்சு, கார்டுக்குக் கார்டும் ஆச்சு.

பரமசிவம்: (நெடுநேரம் யோசித்து) விதிப்படி இதில் தவறு இருப்பதாகத் தெரியவில்லை. ஆனால் ஒரு விஷயம் தெளிவாக வேண்டும். அன்றைக்குத் தாங்கள் ஏ.சி. போட்டால் கரண்ட் பில்லை யார் கட்டுவது?

ஒச்சம்மாள்: மொத நூறு யூனிட்டு எல்லா வீட்டுக்கும் இலவசந்தான கொழுந்தனாரே. அதுக்கும் அடுப்பப் பாத்தா குடுக்குறாக?